சாலமன் நார்த்தப்பின் பிடில்: ஒரு வரலாற்றுத் திரைப்படத்தில் ஒலியும் இசையும்

நம் கல்விச் சங்கம் இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்து வெள்ளிவிழாக் காணும் இவ்வேளையில், மலர்க்குழுவினர் நம்மிடம் வரலாற்றுக் கட்டுரை ஒன்று கேட்டனர். நாம் எடுத்துக்கொண்ட பொருளோ ஒரு திரைப்படத்தின் ஒலியும் இசையும். "தலைமையாசிரியர் எழுத வேண்டியது திரைப்படத்தைப் பற்றியா?" என்று பெரியவர்கள் சிலர் வியக்கக்கூடும். அவர்கள் இக்கட்டுரையை இறுதிவரை பொறுமையுடன் படிக்க வேண்டுகிறோம்.

வரலாற்றை நாம் பெரும்பாலும் கண்ணாலேயே கற்கிறோம். கல்வெட்டு, செப்பேடு, நாணயம், கோட்டை, கோயில் ஆகிய யாவும் கண்ணுக்குரிய சான்றுகள். கல்லில் எழுதச் செய்யும் வசதி படைத்தவர்களின் வரலாறே அவற்றில் மிகுதி. நிலமும் எழுத்தும் மறுக்கப்பட்ட மக்கள் கல்லில் எதனையும் விட்டுச் செல்லவில்லை. அவர்கள் விட்டுச் சென்றவை பாட்டும், ஒப்பாரியும், கருவியோசையுமே. ஆகவே அத்தகைய மக்களின் வரலாற்றைத் திரையில் காட்ட முற்படுவோர், உடையையும் வீட்டையும் சரியாக அமைத்தால் மட்டும் போதாது. ஒலியையும் சரியாக அமைத்தாக வேண்டும். அங்ஙனம் அமைந்த படங்களுள் ஒன்று, 2013ஆம் ஆண்டு வெளிவந்த 'டுவெல்வ் இயர்ஸ் எ ஸ்லேவ்', அஃதாவது 'பன்னிரண்டு ஆண்டுகள் அடிமை' என்னும் ஆங்கிலப் படம். நம் மாலை வகுப்பில் பயிலும் கல்லூரி மாணவர்களோடு அமர்ந்து இப்படத்தை நாம் இருமுறை பார்த்தோம். இரண்டாம் முறை பார்க்கையில், கண்ணைவிடக் காதுக்கே மிகுதியாக வேலை கொடுத்தோம். அப்போது கற்றவற்றையே இங்கு எழுதுகிறோம்.

யார் இந்த சாலமன்?

படம் கற்பனைக் கதையன்று. சாலமன் நார்த்தப் என்பவர் அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் அடிமைத் தளையின்றிப் பிறந்த கறுப்பினத்தவர். மனைவியும் மூன்று குழந்தைகளும் உடையவர். பிடில் வாசிப்பதில் வல்லவர். 1841ஆம் ஆண்டில் இருவர் அவரை அணுகி, சர்க்கஸ் குழு ஒன்றில் பிடில் வாசித்தால் நல்ல ஊதியம் கிடைக்கும் என்று ஆசை காட்டித் தலைநகர் வாஷிங்டனுக்கு அழைத்துச் சென்றனர். அங்கே மயக்கமுற்று விழுந்தவர் கண்விழித்தபோது கையிலும் காலிலும் விலங்கு பூட்டப்பட்டிருந்தது. பிளாட் என்று வேறு பெயரிடப்பட்டு, தெற்கேயுள்ள லூசியானா மாநிலத்திற்குக் கொண்டு செல்லப்பட்டு விற்கப்பட்டார். முதலில் வில்லியம் போர்டு என்பவரிடமும், இடையில் தச்சனாகிய டிபீட்ஸ் என்பவனிடமும், பின்னர்ப் பத்து ஆண்டுகள் எட்வின் எப்ஸ் என்னும் கொடிய பருத்திப் பண்ணையாரிடமும் உழைத்து, 1853 சனவரியில் விடுதலை பெற்றார். அதே ஆண்டில் தம் கதையை நூலாக வெளியிட்டார். அந்நூல் அக்காலத்தில் ஏறத்தாழ 30,000 படிகள் விற்றது. பின்னர் நெடுங்காலம் மறக்கப்பட்டுக் கிடந்து, 1968இல் லூசியானாவைச் சேர்ந்த ஆராய்ச்சியாளர் இருவரின் உழைப்பால் மீண்டும் பதிப்புக் கண்டது.

அந்நூலைப் படமாக்கியவர் ஸ்டீவ் மெக்குயின். மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து இங்கிலாந்தில் குடியேறிய கறுப்பினக் குடும்பத்தில் இலண்டனில் பிறந்தவர். சாலமனாக நடித்தவர் சிவெட்டல் எஜியோபோர். 2014ஆம் ஆண்டு ஆஸ்கார் விழாவில் சிறந்த படம், சிறந்த துணை நடிகை, தழுவிய திரைக்கதை ஆகிய மூன்று பரிசுகளை இப்படம் பெற்றது. கறுப்பின இயக்குநர் ஒருவரின் படம் சிறந்த படத்திற்கான ஆஸ்கார் பெற்றது அதுவே முதன்முறை. ஒன்பது பிரிவுகளில் போட்டிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட இப்படம், இசைக்காகவோ ஒலிக்காகவோ தேர்ந்தெடுக்கப்படவில்லை என்பதையும் குறிப்பிட வேண்டும். பரிசு கிடைக்காத பகுதியைப் பற்றித்தான் நாம் பேசப் போகிறோம்.

பதிவாகாத ஒலி

வரலாற்றுப் படத்திற்கு இசையமைப்போர் எதிர்கொள்ளும் முதல் இடர்ப்பாடு, அக்கால ஒலியை எங்கே கேட்பது என்பது. அமெரிக்காவில் அடிமைமுறை 1865இல் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. ஒலியைப் பதிந்து மீண்டும் கேட்கச் செய்யும் கருவியை எடிசன் உருவாக்கியது 1877இல். இடையே பன்னிரண்டு ஆண்டுகள். ஆகவே அடிமைகளாக இருந்த நாளில் அம்மக்கள் பாடிய பாட்டு ஒன்றுகூட ஒலிப்பதிவாக நமக்குக் கிடைக்கவில்லை. கிடைப்பவை ஏட்டில் எழுதப்பட்ட சுரக்குறிப்புகளே. 1867இல் 136 பாடல்களைக் கொண்ட தொகுப்பு நூல் ஒன்று வெளிவந்தது. அதனைத் தொகுத்த மூவருமே, அம்மக்கள் குரலின் நெளிவையும் குழைவையும் சுரக்குறிப்பில் அடக்க இயலவில்லை என்று முன்னுரையில் ஒப்புக்கொண்டனர்.

சாலமன் தம் நூலிலும் அத்தகைய குறிப்புகளை விட்டுச் சென்றிருக்கிறார். நூலின் இறுதியில் பண்ணைப் பாட்டு ஒன்றின் மெட்டைச் சுரக்குறிப்போடு அச்சிட்டிருக்கிறார். கருவியில்லாத நேரத்தில் முழங்காலிலும் தோளிலும் கையிலும் தட்டித் தாளம் எழுப்பி ஆடும் வழக்கத்தையும் விரித்துரைக்கிறார். இவ்வழக்கத்திற்குப் பின்னே ஒரு வரலாறு உண்டு. 1739இல் தென் கரோலினாவில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தபோது பறை முழக்கித் தம்மவரைத் திரட்டினர். மறு ஆண்டே, 1740இல், அடிமைகள் பறையும் கொம்பும் பேரொலிக் கருவிகளும் வைத்திருப்பதைத் தடைசெய்து அங்கே சட்டம் இயற்றப்பட்டது. பறை பறிக்கப்பட்ட மக்கள் தம் உடம்பையே பறையாக்கிக்கொண்டனர்.

இப்படத்தில் பாத்திரங்கள் பாடும் பாட்டையும் வாசிக்கும் பிடிலையும் அமைக்கும் பணி நிக்கோலஸ் பிரிட்டல் என்னும் இளைஞரிடம் ஒப்படைக்கப்பட்டது. பின்னணி இசையை அமைத்தவர் புகழ்பெற்ற ஹான்ஸ் ஜிம்மர். நடிகர்கள் திரையில் பாடவும் வாசிக்கவும் வேண்டியிருந்தமையால், பிரிட்டலின் இசை படப்பிடிப்பிற்கு முன்பே ஆயத்தமாக வேண்டியிருந்தது. நார்த்தப்பின் நூலையும் அக்கால இசையைப் பற்றிய நூல்களையும் ஆராய்ந்து, வயலில் பாடும் வேலைப்பாட்டு ஒன்றை அவர் புதிதாகவே இயற்றினார். இஃது ஏமாற்று வேலையன்று. உடைந்த பானையின் ஓடுகளைக் கொண்டு முழுப்பானையின் வடிவை வரைந்து காட்டும் தொல்பொருள் ஆய்வாளரின் வேலை போன்றதே.

அழுகையை மறைத்த இசை

இனிப் படத்திற்குள் செல்வோம். நியூ ஆர்லியன்சு நகரில் அடிமை வணிகன் ஒருவனுடைய வீட்டுக் கூடம். மேசை நாற்காலி விற்பவரைப் போல அவன் மனிதர்களை நிறுத்தி விலை கூறுகிறான். எலிசா என்னும் தாயை ஒருவர் வாங்குகிறார்; மகன் வேறொருவருக்கு விலைபோய்விட்டான்; மகளையோ வணிகன் விற்க மறுக்கிறான். தாய் கதறுகிறாள். வந்திருக்கும் கனவான்களுக்கு அக்கதறல் இடையூறாக இருக்கிறது. உடனே வணிகன் சாலமனைப் பார்த்துப் பிடில் வாசிக்கும்படி ஆணையிடுகிறான். சாலமன் வாசிக்கிறார். மகிழ்ச்சியான மெட்டு ஒருபுறம், தாயின் கதறல் மறுபுறம். ஒலிச்சேர்க்கை செய்தவர்கள் நினைத்திருந்தால் இவற்றுள் ஒன்றைத் தாழ்த்தி மற்றொன்றை உயர்த்தியிருக்கலாம். அவர்கள் அவ்வாறு செய்யவில்லை. இரண்டும் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறிக் காதைக் கிழிக்கின்றன. இசை என்றாலே இனிமை என்று எண்ணியிருந்த நம் மாணவர்கள் இக்காட்சியில் முகம் திருப்பிக்கொண்டனர்.

இக்காட்சி நமக்கு ஒரு பழைய நாளை நினைவூட்டியது. எம் பாட்டனார் பறையடிப்பதில் கைதேர்ந்தவர். நமக்கு ஏழு வயது இருக்கும்போது, எம் சிற்றன்னையின் கைக்குழந்தை காய்ச்சலால் விடியற்காலையில் இறந்துபோயிற்று. அதே நாளில் ஊர்த்தெருவில் பெரிய வீட்டுக்காரர் ஒருவரும் இறந்தார். பறைக்கு ஆள் வந்துவிட்டது. "வீட்டிலே பச்சப்புள்ள கெடக்குதுங்க ஐயா" என்று பாட்டனார் சொல்லிப் பார்த்தார். "பொழுது சாய வந்து பொதச்சுக்க" என்பதுதான் விடை. அவர் ஒன்றும் பேசாமல் வைக்கோல் கொளுத்திப் பறையைக் காய்ச்சினார். தோளில் மாட்டிக்கொண்டு போனார். பகல் முழுதும் அப்பறையோசை சேரிவரை கேட்டது. அன்று அவர் அடித்த அடியை ஊரார் மிகவும் பாராட்டினராம். மாலையில் அவர் வந்தபின், ஓசையே இல்லாமல் குழந்தையைக் கொண்டுபோய்ப் புதைத்தோம். பெரிய வீட்டுத் துக்கத்திற்கு அடிக்க எம் பாட்டனார் இருந்தார். எம் வீட்டுத் துக்கத்திற்கு அடிக்க அவருக்குக் கை எழவில்லை.

ஆகவே சாலமனின் பிடிலைக் கேட்டபோது அஃது அமெரிக்க நாட்டுச் செய்தியாக மட்டும் நமக்குத் தோன்றவில்லை. அங்கே பறை அடிக்கக் கூடாது என்று சட்டம். இங்கே பறை அடித்தே ஆகவேண்டும் என்று கட்டாயம். இரண்டும் ஒரே நோயின் இரு முகங்கள். ஒலிக்கும் உரிமையும் ஓய்ந்திருக்கும் உரிமையும் ஒலிப்பவனிடம் இல்லை என்பதே அந்நோய்.

எப்ஸின் பண்ணையிலும் இக்கொடுமை தொடர்கிறது. பகலெல்லாம் பருத்தி பறித்துக் களைத்து உறங்கும் அடிமைகளை நள்ளிரவில் எழுப்பி, வீட்டுக் கூடத்திற்கு அழைத்து, தன் மகிழ்ச்சிக்காக ஆடச் செய்கிறான் பண்ணையார். சாலமன் பிடில் வாசிக்கிறார். மெட்டு துள்ளுகிறது; ஆடுவோரின் கால்கள் தரையில் இழுபடுகின்றன. இசைக்கும் காலோசைக்கும் இடையேயுள்ள அந்தப் பொருத்தமின்மை ஒன்றே அவர்களுடைய நிலையைக் கூறிவிடுகிறது. அடிமைகள் பாடினார்கள், ஆடினார்கள், ஆகவே மகிழ்ச்சியாக இருந்தார்கள் என்று எழுதிய வரலாற்றாசிரியர்களும் உண்டு. அடிமைத் தளையிலிருந்து தப்பித் தலைவராக உயர்ந்த பிரடெரிக் டக்ளஸ் தம் 1845ஆம் ஆண்டு நூலில் இதனை மறுத்து, அடிமைகள் மிகவும் துன்புற்ற வேளையில்தான் மிகுதியாகப் பாடினர் என்று விளக்கினார்.

மற்றொரு காட்சி. தச்சன் டிபீட்ஸ் அடிமைகளைக் கைதட்டச் சொல்லி, அவர்களையே இழித்துரைக்கும் பழைய பாட்டு ஒன்றைப் பாடுகிறான். இழிவுபடுத்தப்படுபவரே இழிவுக்குத் தாளம் போட வேண்டும். அப்பாட்டு அவ்விடத்தோடு முடிந்துவிடுவதில்லை. அடுத்து வரும் வேலைக் காட்சியின் மீதும், நல்லவர் என்று பெயரெடுத்த போர்டு விவிலியம் வாசிக்கும் காட்சியின் மீதும் தொடர்ந்து ஒலிக்கிறது. அருள்மொழியும் இழிமொழியும் ஒரே நேரத்தில் காதில் விழுகின்றன. அந்த நல்லவரின் வேத வாசிப்பு எந்த வசைப்பாட்டின் மீது அமர்ந்திருக்கிறது என்பதை, உரையாடல் ஒரு வரிகூட இன்றி ஒலித்தொகுப்பு ஒன்றினாலேயே இயக்குநர் காட்டிவிடுகிறார்.

இசை விலகி நின்ற இடங்கள்

ஜிம்மரின் பின்னணி இசை சில சுரங்களே கொண்ட எளிய மெட்டு. வயலினிலும், அதனினும் பெரிய செல்லோ என்னும் கருவியிலும் மெல்ல எழுந்து அடங்குவது. சாலமனைத் தெற்கே கொண்டுசெல்லும் கப்பல் காட்சியில் மட்டும் அது முற்றிலும் மாறுபடுகிறது. நூலில் அவர் சென்றது பாய்க்கப்பல்; படத்தில் நீராவிக் கப்பலாக மாற்றியிருக்கின்றனர். சக்கரம் தண்ணீரை அறையும் ஓசையும் இசைக்கருவிகளின் இடியும் பிரித்தறிய முடியாதபடி கலந்து, மனிதனை அரைக்கும் ஆலை ஒன்று ஓடுவது போன்ற அச்சத்தை எழுப்புகின்றன. பிற இடங்கள் சிலவற்றில் அவ்விசை நம் கண்ணீரை வலிந்து அழைப்பது போலவும் தோன்றுகிறது. அதனைக் குறையாகவே சொல்வோம்.

ஆயினும் படத்தின் மிகக் கொடிய காட்சிகளில் பின்னணி இசையே கிடையாது. டிபீட்ஸை எதிர்த்து அடித்த குற்றத்திற்காகச் சாலமனைக் கழுத்தில் கயிறிட்டு மரத்தில் தூக்குகின்றனர். கங்காணி வந்து தடுக்கிறான். ஆனால் கயிற்றை அறுப்பதில்லை. அடிமை பிறருடைய உடைமையாதலால், உடையவர் வரட்டும் என்று விட்டுப் போகிறான். கால் கட்டைவிரல்கள் மட்டும் சேற்றில் ஊன்ற, சாலமன் மணிக்கணக்கில் தொங்குகிறார். அந்நேரத்தில் நம் காதில் விழுவன யாவை? சேற்றில் கால் வழுக்கும் ஓசை. தொண்டையில் சிக்கும் மூச்சு. சில்வண்டுகளின் இரைச்சல். மெல்லமெல்லப் பிற அடிமைகள் குடிசைகளிலிருந்து வந்து தத்தம் வேலையைத் தொடங்கும் அரவம். பின்னால் குழந்தைகள் விளையாடும் குரல். ஒரு பெண் மட்டும் அஞ்சியஞ்சி வந்து தண்ணீர் புகட்டிவிட்டு ஓடுகிறாள்.

இங்கே சோக இசையை ஒலிக்கவிட்டிருந்தால் என்னவாகியிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். "இஃது அழவேண்டிய இடம்" என்று இசை நமக்குச் சொல்லிக்கொடுத்திருக்கும். நாமும் அழுது ஆறுதல் அடைந்திருப்போம். இசை விலகி நின்றதனால் ஆறுதலுக்கு வழியில்லாமற் போயிற்று. அதனினும் பெரிய உண்மை ஒன்றும் புலனாகிறது. ஒருவன் தூக்கில் தொங்க, அருகிலேயே குழந்தைகள் விளையாடும் அளவிற்குக் கொடுமை அன்றாட வழக்கமாகிவிட்டிருந்தது என்பதே அது. சாதிக் கொடுமையை அறிந்தவர்க்கு இது புதிதன்று. நம் மக்கள் அடிபட்ட நாட்களிலும் ஊரில் தேநீர்க்கடை திறந்திருந்தது. கிணற்றில் நீர் இறைக்கும் ஓசை கேட்டுக்கொண்டுதான் இருந்தது.

பாட்சி என்னும் இளம்பெண்ணைக் கசையால் அடிக்கும் காட்சியும் அவ்வாறே. நாள்தோறும் 500 பவுண்டு பருத்தி பறிக்கும் திறம் வாய்ந்தவள் அவள். பிறருக்கு வழக்கமான அளவு 200 பவுண்டு. சவர்க்காரத் துண்டு ஒன்றிற்காக அண்டைப் பண்ணைக்குச் சென்று வந்த குற்றத்திற்காக அவளைக் கட்டிவைத்து அடிக்கின்றனர். முதலில் அடிக்கும்படி சாலமனுக்கே ஆணை. காற்றைக் கிழிக்கும் கசையொலியும் அவளுடைய குரலும் தவிர வேறொன்றும் கேட்பதில்லை. லுபிடா நியோங்கோ அப்பாத்திரத்திற்காகவே ஆஸ்கார் பரிசு பெற்றார். விடிவதற்கு ஒரு மணி நேரம் முன்பு ஊதும் கொம்பையும், பருத்திக் காலத்தில் இருட்டியது முதல் உறங்கும் நேரம் வரை எப்ஸின் பண்ணையில் ஓயாது கேட்ட கசையொலியையும் நார்த்தப் தம் நூலில் எழுதியிருக்கிறார். இசைக்கலைஞராதலால் அவர் தம் துன்பத்தைக் காதாலும் நினைவில் வைத்திருந்தார். படத்தின் ஒலி அந்நூலுக்கு நேர்மையாக நடந்துகொண்டிருக்கிறது.

தாமே வாய் திறந்தபோது

இவற்றுக்கெல்லாம் எதிர்நிலையில் நிற்கும் காட்சி ஒன்று உண்டு. பருத்திக் காட்டில் முதியவர் ஒருவர் சுருண்டு விழுந்து இறக்கிறார். அடிமைகள் தாமே குழி வெட்டிப் புதைத்துவிட்டு, கல்லறையருகில் நின்று யோர்தான் ஆற்றைப் பற்றிய பக்திப்பாட்டு ஒன்றைப் பாடுகின்றனர். 1867ஆம் ஆண்டுத் தொகுப்பில் முதற்பாட்டாக அமைந்தது அதுவே. மூதாட்டி ஒருத்தி எடுத்துக்கொடுக்க மற்றவர் கைதட்டித் தொடர்கின்றனர். கருவியில்லை, ஏவுவார் எவருமில்லை. சாலமன் வாய் திறவாமல் நிற்கிறார். தாம் சுதந்திர மனிதர், கல்வி கற்றவர், இவர்களுள் ஒருவர் அல்லர் என்னும் எண்ணம் அதுவரை அவர் உள்ளத்தின் மூலையில் இருந்துவந்தது. படக்கருவி அவர் முகத்தை விட்டு அகலாமல் நிற்கிறது. உதடு அசைகிறது, முணுமுணுக்கிறார், பின்னர் முழுக்குரலெடுத்துப் பாடுகிறார். அவர் முகத்தில் துயரமும் சினமும் ஒருங்கே எழுகின்றன.

படம் முழுவதும் பிறர் ஏவப் பிடில் வாசித்தவர், இங்கேதான் எவரும் ஏவாமல் குரலெழுப்புகிறார். கல்வி பெற்று நகரங்களில் குடியேறிய நம் இளைஞர்கள் இக்காட்சியை ஊன்றிப் பார்க்க வேண்டும். தம் மக்களின் துக்கத்தில் கலவாமல் ஒதுங்கி நிற்கும் படித்தவர்கள் நம்மிடையேயும் உண்டு. தலைமையாசிரியர் பணியேற்ற முதல் சில ஆண்டுகளில் நாமும் அவ்வாறு நின்றதுண்டு. ஒப்புக்கொள்வதில் வெட்கமில்லை.

பிடில் என்னவாயிற்று? தம்முடைய பிடில் துணையிராவிடில் அவ்வாண்டுகளைத் தாங்கியிருக்க முடியாது என்னும் கருத்தில் நார்த்தப் நூலில் எழுதுகிறார். படத்திலோ மனைவி மக்கள் பெயரை அதன் கட்டையில் செதுக்கி வைத்திருந்தவர், ஒரு கட்டத்தில் தம் கையாலேயே அதனை உடைத்தெறிகிறார். இரண்டிலும் உண்மையுண்டு என்பது நம் துணிபு. நம் சமுதாயத்திலும் இவ்விரு முடிவுகளும் எடுக்கப்பட்டன. ஏவலுக்குப் பறையடிக்க மாட்டோம் என்று பறையைக் கிழித்து எறிந்த ஊர்களும் உண்டு. பறை எம் முன்னோர் கலை என்று அதனை மேடையேற்றித் தலைநிமிர்ந்து முழக்கிய இளைஞர்களும் உண்டு. இவர்களுள் யார் சரி என்று நம் ஊரிலேயே வழக்கிட்டுக்கொள்கின்றனர். வழக்கு வேண்டா. கருவி குற்றவாளியன்று, ஏவலே குற்றவாளி. ஏவலை மறுத்தவரும், ஏவலின்றி முழக்கியவரும் ஒரே போரில் நின்றவர்களே.

எழுத்தறிவின் ஆற்றல்

இம்மலர் கல்விச் சங்கத்தின் மலராதலால் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். சாலமனை விடுவித்தது பிடில் அன்று, கடிதம். எழுதப் படிக்கத் தெரிந்திருந்தும் அவ்வறிவை வெளிப்படையாகப் பயன்படுத்த அவரால் இயலவில்லை. ஒரு தாள் காகிதம் கிடைக்க ஒன்பது ஆண்டுகள் ஆயின என்று அவர் எழுதுகிறார். மரப்பட்டையை வேகவைத்து மையும், வாத்து இறகால் எழுதுகோலும் செய்து எழுதிய முதற்கடிதம், காட்டிக்கொடுக்கப்படும் என்ற அச்சத்தால் நெருப்புக்கு இரையாயிற்று. அதனை எரிக்கும் காட்சியில் பேச்சே இல்லை. இருளில் தாள் கருகிச் சுருள்வதை மட்டும் பார்த்திருக்கிறோம். 1852இல் கனடா நாட்டுத் தச்சர் சாமுவேல் பாஸ் துணிந்து அவருக்காகக் கடிதங்கள் எழுதி அனுப்பினார். அக்கடிதம் கண்டே நியூயார்க் ஆளுநர் வழக்கறிஞர் ஒருவரை அனுப்பி அவரை மீட்டார்.

மீண்டு வந்தவர், தம்மை விற்றவன் மீது வாஷிங்டனில் வழக்குத் தொடுத்தார். கறுப்பினத்தவர் என்ற காரணத்தால் அவர் சாட்சியம் அங்கே ஏற்கப்படவில்லை, குற்றவாளி விடுதலையானான். அதே நகரத்தில்தான், அடிமைக் கொட்டடியில் அவர் உதவி கேட்டுக் கூவுவதாகவும், படக்கருவி மேலே எழும்பிச் சற்றுத் தொலைவில் நாடாளுமன்ற மாளிகையைக் காட்டுவதாகவும் படத்தில் ஒரு காட்சி வருகிறது. மாளிகைக்கு அக்கூவல் கேட்கவில்லை. பின்னாளில் நீதிமன்றத்திற்கும் கேட்கவில்லை. ஆகவே அவர் எழுதினார். 160 ஆண்டுகள் கழித்து உலகம் முழுதும் திரையரங்குகளில் அக்குரல் கேட்டது.

அவர்களும் நாமும்

அமெரிக்கக் கறுப்பின மக்களின் போராட்டத்தை நம் தலைவர்கள் தொடக்கம் முதலே தம் உறவினர் செய்தியாகக் கருதினர். மகாத்மா ஜோதிராவ் பூலே 1873இல் வெளியிட்ட 'குலாம்கிரி' நூலை, அடிமைகளை விடுவிக்கப் பாடுபட்ட அமெரிக்க மக்களுக்குக் காணிக்கையாக்கினார். அண்ணல் அம்பேத்கர் 1913 முதல் 1916 வரை நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பயின்றவர். 1946இல் அவர் கறுப்பினப் பேரறிஞர் டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதி, அமெரிக்கக் கறுப்பின மக்கள் ஐக்கிய நாடுகள் அவைக்கு அனுப்பிய முறையீட்டின் படியைக் கேட்டார். அந்த டு பாய்ஸ் 1903இல் எழுதிய புகழ்பெற்ற நூலில், ஒவ்வோர் இயலின் தலைப்பிலும் தம் மக்களின் துயரப்பாட்டு ஒன்றின் சுரக்குறிப்பை அச்சிட்டிருந்தார். தம் மக்களின் ஒலியும் வரலாற்றுச் சான்றே என்பதை அவர் அன்றே உணர்ந்திருந்தார்.

1930களிலும் 1940களிலும் அமெரிக்காவில் ஒலிப்பதிவுக் கருவியோடு ஊர் ஊராகச் சென்று, அடிமைகளாகப் பிறந்து அப்போதும் உயிரோடிருந்த முதியவர்களின் குரலைப் பதிந்து நூலகத்தில் சேர்த்தனர். கிட்டியது சிறிதளவே, பெரும்பாலோர் அதற்கு முன்பே மறைந்துவிட்டனர். நம் நிலை என்ன? எம் பாட்டனாரின் அடி எத்தகையது என்பதை இன்று எவருக்கும் கேட்பிக்க நம்மால் இயலாது. அது அவரோடு போயிற்று. எம் அன்னையார் நடவில் பாடிய பாட்டுகளில் முதலடிகள் சிலவே நினைவில் நிற்கின்றன.

ஆகவே இளைஞர்களே, இவ்வெள்ளிவிழாவில் உங்களிடம் ஒன்று கேட்கிறோம். உங்கள் ஒவ்வொருவர் கையிலும் இன்று ஒலிப்பதிவுக் கருவி இருக்கிறது; கைபேசி என்று அதற்குப் பெயர். இவ்வாண்டிற்குள் உங்கள் வீட்டு முதியவர் ஒருவரின் முன் அமருங்கள். அவர் பாடும் பாட்டை, வைக்கும் ஒப்பாரியை, பட்ட பாட்டை, அவருடைய சொல்லிலேயே பதிவு செய்யுங்கள். பெயர், ஊர், நாள் ஆகியவற்றைத் தாளில் எழுதிச் சங்க நூலகத்தில் சேர்த்துவிடுங்கள். வாசிக்க மாட்டேன் என்று ஒருவர் ஒருகால் மறுத்திருந்தால், அந்த மறுப்பையும் பதியுங்கள், அதுவும் வரலாறே.

அடுத்த விழா மலரில் கட்டுரை எழுதுபவர், நியூயார்க்கின் பிடிலிலிருந்து தொடங்க வேண்டிய தேவை இராது. நம் தெருவின் ஒலியிலிருந்தே அவர் தொடங்கலாம்.